பத்திரிகையைத் தொறக்காதே கண்ணு

ஏ கண்ணு, ஏ கண்ணு, அமுத்தாதே! வெரலை எடு. எடு மொதல்ல. அப்பாடா!

கோவிச்சுக்காதே அம்மிணி. நான் அடுத்தவங்க போனை எட்டிப் பாக்கற ஆளே இல்லை, எனக்கு அந்தப் பழக்கமே கெடையாது. செவனேன்னு பஸ் சன்னல்ல ரோட்டைப் பாத்துட்டுத்தான் வந்தேன், பார்வை தானா இந்தப் பக்கம் திரும்பிருச்சு. படம் எறக்கறயாக்கும்? நேத்து வந்த படம் சும்மாக் கெடைக்குதுன்னு உன்ற சிநேகிதி லிங்கு அனுப்பிருக்கறா. அவளுக்கு ஆரோ அனுப்பிருக்கறாங்க. அதுக்கு மேல உங்க சித்தி நாலு நாளா 'சாப்பிட்டியா'ன்னு கேட்டுட்டே இருக்கறாங்க, நீ ஒரு பதிலும் போடலை. பாவம், போட்டுரு. நான் எதையும் பாக்கலை.

உள்ளே வெச்சுட்டயா? மவராசி. அந்த மாதிரி லிங்கை அமுத்தி நான் பட்ட பாட்டைச் சொல்றேன் கேளு. நீ தாராவரம்தானே போறே? அப்ப நேரம் கெடக்குது. நானும் அங்கதான், ஒரு மாப்பிள்ளை ஊடு பாக்கப் போறேன்.

என்ற பேரு புஷ்பாத்தா. ஈரோட்டுல கல்யாணப் புஷ்பாத்தான்னு கேட்டுப் பாரு, பஸ் ஸ்டாண்டுல பூ விக்கறவ கூட வழி சொல்லுவா. ஜாதகம் வாங்கி, பொருத்தம் பாத்து, ஜோடி சேத்தி உடற தரகரு நானு. இருவத்திரண்டு வருசம், இருநூத்திப் பதினாலு கல்யாணம். அதுல ரெண்டு புட்டுக்கிச்சு. அது அவிய கொழுப்பு, ஜாதகத்து மேல தப்பே இல்லை.

இருநூத்திப் பதினாலு முடிச்சு என்ன பிரயோசனம்? என்ற பையன் ஒருத்தன் இருக்கறான், தரணிதரன்னு. புனேயில கம்ப்யூட்டர் வேலை. முப்பத்தொண்ணு முடிஞ்சு போச்சு, அவனுக்கு ஒண்ணு முடிக்க முடியலை. நாப்பத்தாறு ஜாதகம் அனுப்பினேன் கண்ணு, நாப்பத்தாறு! ஒண்ணைத் தொறந்து பாத்தானா? "எனக்கு நானே பாத்துக்கறேன்ம்மா"ங்கறான். ஊருக்கே பாத்துக் குடுக்கறவ பெத்த பையன் தானே பாத்துக்கறேன்னா என்ற மூஞ்சிய எங்க கொண்டு போயி வெக்கறது? சித்திரையில பெரிய சண்டை. "ஏதாச்சும் ஒரு ஜாதகத்துக்குச் சரின்னு சொல்லு, அதுவரைக்கும் என்றகிட்டப் பேசாதே"ன்னு போனை வெச்சுப்போட்டேன். அவனும் பேசலை. ரோசம்! அப்படியே அவங்கப்பன். அவரு போய்ச் சேந்து ஒம்பது வருசமாச்சு, ஊட்டுல நான் ஒண்டிதான். அதை உடு. நான் அவனை நெனைக்கறதே இல்லை. காத்தால எந்திரிச்சதும் ஒருக்கா, ராத்திரி படுக்கறப்ப ஒருக்கா, அவ்வளவுதான்.

எங்க உட்டேன்? ஆங், லிங்கு.

ஆவணி மாசம். முகூர்த்தம் மேல முகூர்த்தம், நிக்க நேரமில்லை. அப்பப் பாத்து தெரியாத நெம்பர்ல இருந்து ஒரு மெசேஜு. 'தாங்கள் குடும்பத்துடன் வருகை தரவும்.' கீழ 'திருமண அழைப்பிதழ்'னு ஒரு லிங்கு. அவ்வளவுதான். பொண்ணு ஆரு, மாப்பிள்ளை ஆரு, மண்டபம் எது, ஒண்ணும் இல்லை.

வேற ஆராச்சும்னா கம்முனு தள்ளி உட்டிருப்பாங்க. நான் தரகரு. எங்க பொழப்புல ஒரு அநியாயம் இருக்குது கண்ணு. ரெண்டு ஊட்டுக்கும் நடையா நடந்து ஜாதகத்தைக் கொண்டு சேக்கறது நாங்க. "பொருத்தம் பத்தலைங்கம்மா"ன்னு நம்மளைத் தாட்டி உட்டுட்டு, அவியளே நெம்பரைப் புடிச்சுப் பேசி, சத்தங்காட்டாமப் பொட்டாட்டக் கல்யாணத்தை முடிச்சுப்போடுவாங்க. காசு போனாப் போகுது, அது இல்லை வெசனம். ஒரு சொல்லு சொல்லறதில்லையே! பத்திரிகை அடிச்ச பொறவு அடுத்தவங்க சொல்லித்தான் நமக்குத் தெரியும். ஆவணியில எனக்கு ஒரு சந்தேகம் இருந்துச்சு. பெருந்துறைத் துணிக்கடைக்காரரு ஊடும் சிவகிரி டாக்டரு ஊடும். வேண்டாம்னாங்க, ஆனா கோயில் நோம்பியில ரெண்டு ஊட்டுப் பொம்பளைங்களும் ஒட்டிக்கிட்டு நிக்கறாங்க.

லிங்கைப் பாத்ததும் எனக்கு வந்துச்சு பாரு ஒரு ஆங்காரம். மாட்டுனாங்கடான்னு அமுத்தினேன்.

ஒரு பக்கம் தொறந்துச்சு. யப்பா, திருவிழாக் கடையாட்ட! பச்சைக் கலர்ல டவுன்லோடு, சேப்புக் கலர்ல டவுன்லோடு, நாலு டவுன்லோடு, எது நெசம்னே தெரியலை. நான் நாலையும் அமுத்தினேன். ஒரு மூலையில 'உங்க போன்ல வைரஸ் இருக்குது, இங்க தொடுங்க'ங்குது. தொட்டேன். ஒருத்தி அரைகொறைத் துணியோட வந்து நின்னா. சீ போடின்னு அவளைத் தள்ளிட்டுப் பாத்தா, போனு கேக்குது, 'தெரியாத எடத்துச் சாமான், ஆபத்து வரலாம், அனுமதிக்கட்டா?' கல்யாணத்துக்கு ஆரு வேண்டாம்பாங்க? சரின்னேன். 'மெசேஜெல்லாம் படிச்சுக்கட்டா?' சரி. 'நெம்பரெல்லாம் பாத்துக்கட்டா?' சரி. நிச்சயத்தன்னிக்குச் சம்மந்தி ஊட்டுக்காரங்க தலையாட்டற மாதிரி எல்லாத்துக்கும் சரி சரின்னு தலையாட்டிப்போட்டேன்.

பத்திரிகை தொறக்கவே இல்லை. போனு மட்டும் தோசைக்கல்லாட்டக் காயுது. நெட்டு இழுக்கலையாக்கும்னு வெச்சுப்போட்டு அரிசி களையப் போயிட்டேன்.

அரிசி ஒலைக்குப் போகலை, போனு அடிக்குது. "புஷ்பாத்தா, ஆருக்குங்க கல்யாணம்?" வெச்சா அடுத்தது. "அம்மிணி, பத்திரிகை வந்துச்சு, தொறக்க மாட்டேங்குதே?" வெச்சா அடுத்தது. என்ற போனுக்குள்ளார இருந்த அறுநூத்தி எம்பத்தி மூணு நெம்பருக்கும் என்ற பேர்லயே அந்த லிங்கு போயிருக்குது கண்ணு! எனக்கு வந்ததை நான் தொறந்தேன்னா, என்றகிட்ட இருந்து வந்தா ஆரு தொறக்காம இருப்பா? பொண்ணு வெச்சிருக்கறவங்க, பையன் வெச்சிருக்கறவங்க, அல்லாருக்கும் ஒரே பயம். நாம பாத்துட்டிருந்த எடம் கை மாறிப் போயிருச்சோன்னு!

மூணு வருசமா "ரோசனை பண்ணிச் சொல்றோமுங்க"ன்னு இழுத்தடிச்ச சென்னிமலைக்காரரு, பனியனோட டிவிஎஸ்ல ஓடியாறாரு. "அந்தப் புள்ளைய வேற எடத்துல பேசிட்டீங்களா? எங்களுக்கு முழுச் சம்மதமுங்க, தட்டு எப்ப மாத்தலாம்?" அன்னிக்கு மட்டும் நாலு பேரு இப்படி! நாலுல மூணு முடிஞ்சுதுன்னா பாத்துக்க. என்ற சாமர்த்தியம்தான், வேற என்ன.

இன்னொண்ணு கேளு. சத்தி ரோட்டுல செங்கோடன்னு ஒரு தரகரு. என்ற பொழப்பைக் கெடுக்கறதுக்குன்னே பொறந்த ஆளு. வைரஸை உட்டதே அவன்தான்னு நான் இன்னிக்கும் சொல்லுவேன். ஆனா அவனும் வயித்தெரிச்சல்ல லிங்கைத் தொறந்திருக்கறான், இவ எனக்குத் தெரியாம எந்த எடத்தை முடிச்சாளோன்னு! அவன் போன்ல இருந்த ஆயிரம் பேருக்கும் போயிருச்சு. மூணு நாளைக்கு ஈரோடு முச்சூடும் அல்லாரும் அல்லாரையும் கல்யாணத்துக்குக் கூப்புடறாங்க. சோசியருக்கே ஒம்பது பத்திரிகை வந்துச்சாம். நான் சிரிச்சுச் சிரிச்சு வயித்த வலி வந்து படுத்துட்டேன்.

சிரிப்பெல்லாம் நாலாம் நாளோட போச்சு. மொடக்குறிச்சி சாமியப்பன் வாத்தியாரு வந்தாரு. ரிட்டையரான மனுசன், பொண்ணு கல்யாணத்துக்குச் சேத்தி வெச்சிருந்தாரு. என்ற லிங்கைத் தொறந்த அன்னிக்குச் சாயங்காலமே பேங்குல இருந்து நாப்பத்தோராயிரம் போயிருச்சு. பேங்கு அனுப்பற ரகசிய நெம்பரு மெசேஜை அந்தச் சனியன் உள்ளார இருந்துட்டே படிச்சுப்போட்டுதாம். மனுசன் ஒரு வார்த்தை வையலை. "உங்க பேரைப் பாத்துத்தானுங்கம்மா தொறந்தேன்"ன்னாரு. அவ்வளவுதான் சொன்னாரு. எனக்கு அழுகையா வந்துச்சு கண்ணு. திருடன் என்ற பேரைச் சட்டையாட்டப் போட்டுக்கிட்டு அந்த ஊட்டுக்குள்ளார போயிருக்கறான்.

அவரைக் கூட்டிட்டு நானே சைபர் போலீசுக்குப் போனேன். அங்க ஒரு போலீஸ்காரப் புள்ளை, உன்ற வயசுதான் இருக்கும், தங்கமான புள்ளை. "இது பத்திரிகை இல்லைங்கம்மா, ஆப்பு. கண்ட எடத்துல இருந்து எறக்கினா இப்படித்தான், உள்ளார வந்து போனையே ஆளும்"ன்னுச்சு. "பணம் போனா நாலு நாள் நிக்கக் கூடாதுங்கம்மா, அன்னிக்கே 1930க்குக் கூப்புட்டிருந்தா தடுத்திருக்கலாம்"ன்னுச்சு. போனைச் சுத்தமாக் கழுவித் தொடைச்ச மாதிரி அழிச்சுக் குடுத்தாங்க. நெம்பரு, படம், அல்லாம் போச்சு. ஜாதகக்காரங்க நெம்பரெல்லாம் என்ற நோட்டுல இருந்துச்சு, திரும்ப ஏத்திட்டேன். "தெரியாத நெம்பர்ல இருந்து வர்ற எதையும் தொடாதீங்க, இப்பெல்லாம் கொரலைக்கூட மாத்திப் பேசறாங்க, ஏதாச்சும் கேள்வி கேட்டு ஆளைத் தெரிஞ்சுக்குங்க"ன்னு தாட்டி உட்டுச்சு.

அன்னில இருந்து நான் சூதானம். என்னை ஒருத்தனும் ஏமாத்த முடியாது. ஆனா திருடனுக்கு என்னைய உட மனசில்லை கண்ணு! புரட்டாசியில ஒருத்தன் கூப்புடறான். எம்பையன் கொரலு! அப்பிடியே அச்சு அசலு. "அம்மா, நான் தரணிம்மா"ங்கறான். 'சாப்பிட்டயாடா'ன்னு கேக்க வாயெடுத்துட்டேன். பொறவு சுதாரிச்சுட்டேன். நெம்பரைப் பாத்தா பேரு வரலை, வெறும் நெம்பரு. போலீஸ்காரப் புள்ளை சொன்னது ஞாபகம் வந்துச்சு. "நீ தரணின்னா உன்ற ராசி நட்சத்திரம் சொல்றா பாப்போம்"ன்னேன். "அது... தெரியலையேம்மா"ங்கறான்! தரகர் பெத்த பையன் நட்சத்திரம் தெரியலைங்கறான்! எப்பிடி மடக்கினேன் பாத்தயா? "போடா களவாணி"ன்னு வெச்சு, நெம்பரை அடைச்சுப்போட்டேன்.

அடுத்த நாளு வேற நெம்பரு. அதையும் அடைச்சேன். அதுக்கடுத்தாப்பல வேற. உன்ற நெம்பரு எத்தனைடா இருக்குதுன்னு நானும் உடலை. அப்பறம் ஒரு மெசேஜு, 'சனிக்கிழமை நேர்ல வர்றேன்ம்மா'ன்னு. ஊட்டுக்கே வர்றானாமா! நான் ஊட்டைப் பூட்டிப்போட்டு பவானிக்குப் போயி கூடுதுறையில பொழுது முச்சூடும் உக்காந்துட்டேன். திரும்பி வந்தா, எதுத்த ஊட்டுக்குப் புதுசாக் குடி வந்தவங்க சொல்றாங்க, "ஒரு பையன் வந்து ரெண்டு மணி நேரம் கேட்டுல நின்னுட்டுப் போனானுங்க. தண்ணி வேணுமான்னு கேட்டேன், வேண்டாம்னுட்டான்." எவ்வளவு தைரியம் பாரு!

இப்ப ஒரு பொம்பளைத் திருடி வேற சேந்திருக்கறா. அவகிட்ட இருந்து மட்டும் ஒம்பது மெசேஜு. அவளை இன்னும் அடைக்கலை. ஏன்னு கேக்காதே, படிக்கத் தமாசா இருக்குது. இந்தா, படிச்சுக் காட்டறேன். தொட மாட்டேன், தள்ளி வெச்சுத்தான் படிப்பேன்.

'அத்தை, நான் மதுமிதா. ஊரு திருச்சி. தரணி கூட வேலை செய்யறேன்.' அத்தையாமா! பேரெல்லாம் எப்பிடிப் புடிச்சாளோ. 'அவர் போன் பண்ணினா நீங்க வெச்சிடறீங்கன்னு சாப்பிடாம உக்காந்திருக்காரு. நீங்க இல்லாம வேண்டாம்னு ரெண்டு தடவை தேதியைத் தள்ளி வெச்சிட்டோம். இனிமே எங்கப்பா தள்ளி வெக்க முடியாதுங்கறாரு. தயவுசெஞ்சு இந்தப் பத்திரிகையைத் திறந்து பாருங்க அத்தை.' அடிப்பாவி, திரும்பவும் பத்திரிகை! இன்னிக்குக் காத்தால அனுப்பினது பாரு. 'நாளைக்குக் காலைல அத்தை. உங்களுக்கு நாற்காலி போட்டு வெப்போம்.' ஹஹ்ஹா! நாற்காலியாமா! உக்காந்தா அறுநூத்தி எம்பத்தி மூணு பேருக்கும் போகுமாக்கும்!

ஏங் கண்ணு, நீ சிரிக்கலை?

என்ன அப்பிடிப் பாக்கறே? சொல்லு. நட்சத்திரமா? எம்பையனுக்கு அவன்ற நட்சத்திரம் தெரியுமான்னா கேக்கறே? தெரியாம என்ன, அவன் பொறந்தது...

அவன் எங்க கேட்டான். ஜாதகத்தைக் கையாலயும் தொட மாட்டான். சின்ன வயசுல கோயில்ல அர்ச்சனைக்கு நானேதான் சொல்லுவேன், அவன் முறுக்கைத் தின்னுட்டு நிப்பான். இல்லை. அவனுக்குத் தெரியாது.

அவனுக்குத் தெரியாது கண்ணு.

அந்த நெம்பரா? பையன் நெம்பர் நோட்டுல இல்லை. பெத்த பையன் நெம்பரை ஆராச்சும் நோட்டுல எழுதி வெப்பாங்களா? போன்லதான் இருந்துச்சு. போன்லதான்... அழிச்சுக் குடுத்தாங்களே. அய்யோ. அல்லாரு நெம்பரும் போயிருச்சுன்னா, அவன் கூப்புட்டாலும் வெறும் நெம்பராத்தான வரும்.

வேண்டாம், தொறக்காதே! தொறக்க வேண்டாம். நீ என்ன சொல்றே? எதையும் அமுத்த வேண்டாம், வீடியோவுல கூப்புட்டு மூஞ்சியப் பாக்கலாமா? மூஞ்சியக்கூட மாத்திக் காட்டுவாங்களாமா கண்ணு. சரி, கூப்புடு. நீயே கூப்புடு. அந்தப் புள்ளை நெம்பருக்கே கூப்புடு.

எடுக்குதா? அடிக்குதா?

...ஆரு? நீதான் மதுமிதாவா? தரணி எங்க? குடும்மா அவன்கிட்ட.

டேய். தாவாக்கட்டையக் காட்டு. பேசாதே, தாவாக்கட்டையக் காட்டுடா மொதல்ல. பக்கத்துல கொண்டா. மாவாட்டற கல்லுல உழுந்து மூணு தையல் போட்ட எடம்... இருக்குது. இருக்குது கண்ணு, பாரு, தழும்பு இருக்குது! சாமி, என்ற சாமி, இப்பிடி எளைச்சுப் போயிட்டயேடா! கேட்டுல ரெண்டு மணி நேரம் நின்னது நீதானா? ஒரு வாய் தண்ணி வாங்கிக் குடிக்கக் கூடாதா? ஒன்னைக் களவாணின்னு வெரட்டிப்போட்டனே தங்கம், உன்ற கொரலைக் கேட்டதும் 'சாப்பிட்டயாடா'ன்னு வாயெடுத்தவ, கேட்டிருக்கக் கூடாதா. அழுகாதேடா. நான் எங்க அழுகறேன், பஸ்ஸு குலுங்குது.

எங்க? திருச்சி வயலூரு கோயில்லயா? காத்தால ஆறு மணிக்கா? நாளைக்கா! அட கடவுளே, நாளைக்கா! டேய், எனக்குக் கட்டிக்கச் சேலை... உடு. வர்றேன். நான் வர்றேன், நீ ஒழுங்காச் சாப்புடு. அந்தப் புள்ளையக் கொஞ்சம் காட்டு.

வணக்கமெல்லாம் வேண்டாம் அம்மிணி. சித்த வெளிச்சத்துல வா. ...நல்லாருக்கறே. நான் உன்னைத் திருடின்னு ஊரு முச்சூடும் சொல்லி வெச்சிருக்கறேன், மனசுல வெச்சுக்காதே. வெக்கறேன், சிக்னல் போகுது. வெக்கறேன் கண்ணு.

பாத்தயா? பாத்தயா கண்ணு மூஞ்சிய? என்ன கூட்டம், என்ன கொலம், என்ன நட்சத்திரம்னு கேக்க வாய் வரைக்கும் வந்துச்சு. கேக்கலை. இருவத்திரண்டு வருசத்துல கேக்காம உட்ட ஒரே பொண்ணு அவதான். ஒம்பது தடவை ஒருத்தி அத்தைன்னு கூப்புட்டாளே, நாப்பத்தாறு ஜாதகத்துல ஒண்ணாச்சும் என்னைய அப்பிடிக் கூப்புட்டுதா?

கண்டக்டர் தம்பி! ஏனுங் தம்பி! காங்கயம் வந்துருச்சா? என்னைய அங்க எறக்கி உடுங்க. டிக்கெட்டு தாராவரத்துக்குத்தானுங்க வாங்கினேன், இருக்கட்டும். திருச்சி பஸ்ஸு அங்க நிக்குமில்லைங்க? மவராசனா இருப்பீங்க.

இந்தப் பையைப் புடி கண்ணு, செருப்பைக் காணோம். ஆங், இங்க கெடக்குது. நீ இல்லைன்னா நான் நாளைக்கும் தாராவரத்துல உக்காந்து அடுத்தவங்க பையனுக்குப் பொருத்தம் பாத்துட்டிருப்பேன். நல்லாரு. அந்தப் படத்தை மட்டும் எறக்காதே, தேட்டர்ல போயிப் பாரு, என்ன?

தாராவரத்துக்காரங்க எனக்காகக் காப்பி போட்டுக் காத்துட்டு இருப்பாங்க. வர முடியாதுன்னு போன் பண்ணோணும். கேட்டாங்கன்னா என்னன்னு சொல்றது? சொல்லிப்போடறேன் போ. நாளைக்கு எங்கூட்டுல கல்யாணமுங்கன்னு.